ரோமாபுரிக் கப்பலுக்குச் சுக்கான் பிடிச்சது யாரு?

மக்களே, இந்தக் கதையை நீங்க எல்லாரும் ஒரு தடவையாவது படிச்சிருப்பீங்க. தன்னம்பிக்கைப் புத்தகங்களில் வரும். ஆபீஸ்களில் நடத்தும் பயிற்சி வகுப்புகளில் வரும். நம்ம பதிவர்கள் எழுதும் 'வரலாறு சொல்லும் பாடம்' வகைப் பதிவுகளில் தவறாமல் வரும். இப்போ வாட்ஸப்பிலும் சுத்திக்கிட்டு இருக்கு.

கதை இதுதான். ரோமானியர்கள் ஏர் பிடிக்கிற விவசாயிகள். கடலைக் கண்டாலே அலர்ஜி. எதிரியோ கார்த்தேஜ், மத்தியதரைக் கடலின் முடிசூடா மன்னன். ஒரு நாள் கார்த்தேஜின் போர்க்கப்பல் ஒன்று கரை தட்டி ரோமானியர் கையில் சிக்குகிறது. அதைப் பார்த்து அப்படியே 120 கப்பலை அறுபதே நாளில் கட்டி, தரையில் பெஞ்சு போட்டுத் துடுப்புப் பயிற்சி எடுத்து, கடலில் இறங்கி எதிரியைப் பந்தாடிவிடுகிறார்கள். நீதி: மனசு வெச்சா ரெண்டே மாசத்துல எதையும் கத்துக்கலாம், எவனையும் ஜெயிக்கலாம்!

கேட்க நல்லாத்தான் இருக்கு. ஆனா கதையில் பாதியைக் காணோம். அந்தப் பாதிக்குப் பெயர் கிரேக்கர்கள். அவங்களைத் தூக்கிட்டா மிச்சம் இருப்பது வரலாறு இல்லை, ஊக்க மாத்திரை. இந்தப் பதிவு காணாமல் போன அந்தப் பாதிக்காக.

முதலில் ஒண்ணு சொல்லிடறேன். கதை முழுக்கக் கட்டுக்கதை இல்லை. கரை தட்டிய கப்பலும் தரைப் பெஞ்சும் பாலிபியஸ் என்கிற வரலாற்றாசிரியர் எழுதியது. அறுபது நாள் கணக்கு, அவருக்கு இருநூறு வருஷம் கழித்து வந்த பிளினி சொன்னது. முதல் பியூனிக் போர் கி.மு. 264இல் ஆரம்பித்தது. கப்பல் கட்டியது 261 - 260 வாக்கில். ஐந்து வரிசைக்காரர் கப்பல் என்று சொல்லப்படும் குயின்குவெரீம் 100, டிரைரீம் 20, ஆக மொத்தம் 120. இதெல்லாம் சரி.

இந்த பாலிபியஸே ஒரு கிரேக்கர் என்பது தனி வேடிக்கை. கி.மு. 167இல் பிணைக்கைதியாக ரோமாபுரிக்குக் கொண்டுபோகப்பட்டவர். அங்கே பெரிய இடத்துப் பிள்ளைகளோடு பழகி, ரோமாபுரி எப்படி இவ்வளவு வேகமாக உலகத்தைப் பிடித்தது என்று தன் கிரேக்க வாசகர்களுக்கு விளக்க உட்கார்ந்தவர். 'பாருங்கய்யா, ஒண்ணுமே தெரியாத பசங்க எப்படித் துணிஞ்சு இறங்கினாங்க' என்று ஆச்சரியப்பட வைப்பது அவருடைய நோக்கத்துக்குத் தோதாக இருந்தது. அதனால் கொஞ்சம் பில்டப் கொடுத்துத்தான் எழுதினார்.

ஆனா மனுஷன் நேர்மையானவர். கரை தட்டிய கப்பல் கதை வரும் அதே இடத்தில் இன்னொரு தகவலையும் எழுதி வெச்சிருக்கார். கி.மு. 264இல் ரோமானியப் படை சிசிலியில் இருக்கும் மெஸ்ஸானாவுக்குக் கடலைத் தாண்டிப் போகணும். கையில் கப்பல் இல்லை. என்ன செய்தார்கள்? டாரன்டம், லோக்ரி, எலியா, நியாபோலிஸ் ஆகிய ஊர்களிடம் கப்பல்களை வாங்கிப் போனார்கள். நாலுமே இத்தாலியின் தென்பாதியில் இருந்த கிரேக்கக் குடியேற்ற ஊர்கள். நியாபோலிஸ் என்றால் இன்றைய நேப்பிள்ஸ், பெயருக்கே கிரேக்கத்தில் 'புதுநகரம்' என்றுதான் அர்த்தம்.

யோசிச்சுப் பாருங்க. கடலே தெரியாத ரோமாபுரியின் தோள் மேலேயே, பல தலைமுறையாகக் கடலோடு புழங்கிய ஊர்கள் வரிசையாக உட்கார்ந்திருக்கின்றன. எல்லாம் ரோமாபுரியின் கட்டுப்பாட்டுக்குள் வந்துவிட்ட ஊர்கள். நியாபோலிஸ் கி.மு. 326இல் ஒப்பந்தம் போட்டது. டாரன்டம் 272இல் பணிந்தது. அவர்களிடம் கப்பல் கட்டும் தச்சர்கள் உண்டு, மாலுமிகள் உண்டு, துறைமுகம் உண்டு. இவ்வளவையும் வைத்துக்கொண்டு, நட்டு வெச்ச மரத்தைப் பார்த்துத் தானாக நீச்சல் கத்துக்கிட்டான் என்கிற மாதிரி கதை சொன்னால் எப்படிங்க?

இந்த ஊர்களுக்கு ரோமானியர் வைத்த பெயரே 'கடற்படைக் கூட்டாளிகள்'. லத்தீனில் 'சோசியி நாவாலெஸ்'. மற்ற கூட்டாளிகள் காலாட்படை, குதிரைப்படை அனுப்ப வேண்டும் என்றால் இவர்கள் கப்பலும் ஆளும் தர வேண்டும். கடமை. ஒப்பந்தத்தில் எழுதியது. ரெண்டாவது பியூனிக் போரிலும் ரெஜியம், வேலியா (மேலே சொன்ன எலியாதான்) போன்ற ஊர்களிடம் ஒப்பந்தப்படி தர வேண்டிய கப்பல்களைக் கேட்டு வாங்கியதை லிவி எழுதியிருக்கிறார்.

இதில் ஒரு சுவாரசியமான சண்டையும் உண்டு. கி.மு. 193இல் ரோமானியத் தூதர்கள் ஆசியாவில் கிரேக்க ஊர்களின் 'விடுதலை'யைப் பற்றி சிரியாவின் அரசன் அந்தியோக்கஸுக்கு வகுப்பு எடுத்தார்கள். அரசனின் ஆள் மடக்கிக் கேட்டான்: இங்கே இருக்கிற ஊர்க்காரர்கள்தான் கிரேக்கர்களா, நியாபோலிஸும் ரெஜியமும் டாரன்டமும் கிரேக்கர்கள் இல்லையா, அவர்களிடம் மட்டும் கப்பல் கேட்டு வாங்குகிறீர்களே என்று. லிவி பதிவு செய்த விவாதம் இது. எதிரிக்கே தெரிஞ்ச விஷயம், நம்ம தன்னம்பிக்கைப் பேச்சாளர்களுக்குத் தெரியலை.

அடுத்தது அந்தக் கரை தட்டிய கப்பல். அதைத்தானே காப்பி அடித்தார்கள்? அது கார்த்தேஜ் சரக்குதானே? அப்படின்னு நீங்க கேட்பீங்க.

சரி, குயின்குவெரீம் என்கிற வகைக் கப்பல் எங்கே பிறந்தது? டயோடோரஸ் சொல்கிறார்: சிசிலியின் கிரேக்க நகரமான சிரக்கூஸில், முதலாம் டயோனிசியஸ் என்கிற சர்வாதிகாரியின் பட்டறையில், கி.மு. 399 வாக்கில். எதற்காக? கார்த்தேஜை அடிக்க! பல ஊர்களிலிருந்து கைவினைஞர்களை நல்ல சம்பளம் கொடுத்து வரவழைத்து, ஆயுதமும் கப்பலும் செய்ய வைத்தான். பிறகு கார்த்தேஜும் அந்த வகைக் கப்பலுக்கு மாறியது. ஆக, ரோமானியர் பார்த்து எழுதிய விடைத்தாள், அந்தப் பையன் முன் பெஞ்சு கிரேக்கனைப் பார்த்து எழுதியது. டிரைரீமின் கதையும் அப்படித்தான். துசிடிடிஸ் கணக்கில் கிரேக்கர்களில் அதை முதலில் கட்டியது கொரிந்து நகரத்தார்.

இந்தக் கண்டுபிடிப்பின் சூட்சுமம் என்னன்னா, டிரைரீமில் ஒரு துடுப்புக்கு ஒரு ஆள். அதனால் ஒவ்வொரு ஆளும் தேர்ந்தவனாக இருக்க வேண்டும். ஒருத்தன் சொதப்பினாலும் வரிசையே சிக்கிக்கொள்ளும். குயின்குவெரீமில் ஒரே துடுப்பில் ஒன்றுக்கு மேற்பட்ட ஆட்கள். ஒருத்தன் கைதேர்ந்தவனாக இருந்தால் போதும், மற்றவன் பலம் கொடுத்தால் சரி. தரையில் பெஞ்சு போட்டு விவசாயிகளைப் பழக்க முடிந்ததே இந்த அமைப்பால்தான். பாலிபியஸ் கணக்கில் ஒரு குயின்குவெரீமுக்கு 300 துடுப்பாளர்கள். 100 கப்பலுக்கு 30,000 பேர். அத்தனை பேரையும் தேர்ந்த மாலுமிகளாக ரெண்டு மாசத்தில் ஆக்க எந்தப் பயிற்சி வகுப்பாலும் முடியாது. ஆக்கத் தேவையில்லாத கப்பலை ஒரு கிரேக்க நகரம் நூற்று நாற்பது வருஷத்துக்கு முன்னாடியே யோசித்து வைத்திருந்தது.

இன்னொரு சாட்சி வேணுமா? மொழியைக் கேளுங்க. அது பொய் சொல்லாது.

கப்பல், துடுப்பு, பாய் இதற்கெல்லாம் லத்தீனுக்குச் சொந்தச் சொல் உண்டு. ஆற்றில் படகு விடுகிறவனுக்குக்கூட இவ்வளவு தேவைப்படுமே. ஆனால் ஆழ்கடலுக்குப் போனதும் சொற்களும் கிரேக்கமாகிவிடுகின்றன. நங்கூரம்: 'அங்கோரா', கிரேக்க 'அங்குரா'விலிருந்து. முன்னணியம்: 'ப்ரோரா', கிரேக்க 'ப்ரோய்ரா'விலிருந்து. கடலில் போனால் குமட்டுமே, அந்த 'நாசியா'வும் கிரேக்கம்தான், 'நௌஸ்' என்கிற கப்பலிலிருந்து வந்தது. எல்லாவற்றுக்கும் மேலாக, சுக்கான் பிடித்துக் கப்பலை நடத்துகிறவன் கிரேக்கத்தில் 'குபெர்னேட்டஸ்'. லத்தீனில் அது 'குபெர்னாட்டோர்' ஆனது. அதுதான் ஐரோப்பாவைச் சுற்றி நம்ம ஊருக்குக் 'கவர்னர்' என்று வந்து சேர்ந்தது. ஆளுநர் மாளிகையில் உட்கார்ந்திருப்பவருடைய பதவிப் பெயர் ஒரு கிரேக்க மீகாமனுடையது!

வாந்தி எடுப்பதற்குக்கூட வார்த்தையைக் கடன் வாங்கியவன், கடலைத் தானாகக் கத்துக்கிட்டான்னு சொன்னா நம்பணுமா?

இந்தக் குபெர்னாட்டோர்கள் பேச்சைக் கேட்காமல் போனதால் என்ன ஆச்சுன்னும் பார்த்துடலாம். இதுதான் ஊக்க மாத்திரைக் கதையில் வரவே வராத இடம்.

கி.மு. 255. ஆப்பிரிக்காவிலிருந்து ஜெயித்துக்கொண்டு ரோமானியக் கடற்படை திரும்பி வருகிறது. மாலுமிகள் தளபதிகளிடம் திரும்பத் திரும்பச் சொல்கிறார்கள்: சிசிலியின் தென்கரை ஓரமாகப் போகாதீங்க, ஒதுங்க இடம் கிடையாது, பருவமும் சரியில்லை. தளபதிகளுக்கோ வழியில் இருக்கும் ஊர்களுக்கு வெற்றிக் கோலத்தைக் காட்டி மிரட்டிப் பணிய வைக்க ஆசை. கேட்கவில்லை. காமரினாவுக்குப் பக்கத்தில் புயல் அடித்தது. பாலிபியஸ் கணக்குப்படி 364 கப்பலில் தப்பியது 80. ஒரு புயலில் பல்லாயிரம் பேர் போனார்கள். ரோமானியர் எதையும் பலத்தால் சாதித்துவிடலாம் என்று நினைப்பவர்கள், மனிதனோடு மோதும்போது அது சரிவரும், கடலோடும் காற்றோடும் மோதினால் வராது என்று அவர் அங்கேயே கருத்தும் சொல்கிறார். ரெண்டே வருஷம் கழித்து, 253இல், இன்னொரு புயலில் 150க்கும் மேல் கப்பல் போனது.

அந்தப் போர் 23 வருஷம் நடந்தது. மொத்தக் கணக்கையும் பாலிபியஸ் போட்டிருக்கிறார். கார்த்தேஜ் இழந்த குயின்குவெரீம்கள் சுமார் 500. ஜெயித்த ரோமாபுரி இழந்தவை சுமார் 700! அறுபது நாளில் கற்றுக்கொண்டவன் கணக்கா இது? இன்னொண்ணும் பாருங்க. 242இல் கடைசியாக 200 கப்பல் கட்டினார்களே, அதற்கும் மாதிரியாக இன்னொரு பிடிபட்ட கப்பலைத்தான் வைத்துக்கொண்டார்கள். முதல் அறுபது நாளில் எல்லாம் தெரிந்துவிட்டது என்றால் இருபது வருஷம் கழித்து எதற்கய்யா மறுபடி காப்பி?

இப்போ எதிர்க்கட்சிக்காரங்க பக்கம் வருவோம். நியாயமான மறுப்புகள் இருக்கு, மறைக்கக் கூடாது.

ஒன்று, கிரேக்கர்கள் மட்டுமா? இல்லை. கார்த்தேஜின் தச்சுத் திறமை அபாரம். சிசிலியின் மர்சாலா பக்கம் 1970களின் தொடக்கத்தில் ஹானர் ஃப்ராஸ்ட் அம்மையார் கடலுக்கடியில் அகழ்ந்த பியூனிக் கப்பலின் பலகைகளில், கோர்ப்பதற்கு அடையாளமாக எழுத்துகள் குறிக்கப்பட்டிருந்தன. எண் போட்டுச் சேர்க்கும் இந்தக் காலத்துக் கட்டில், அலமாரி மாதிரி. வேகமாகக் காப்பி அடிக்க அது உதவியிருக்கும். ஒரு வகை மரப் பொருத்துக்கு ரோமானியரே 'பியூனிக் பொருத்து' என்று பெயர் வைத்திருந்தார்கள். அந்தக் கடனையும் கணக்கில் எழுதத்தான் வேண்டும். அதுவும் 'தானாகக் கற்றார்கள்' கதைக்கு எதிரான சாட்சிதான்.

ரெண்டு, ரோமாபுரிக்குக் கடல் அவ்வளவு புதுசா? அதுவும் இல்லை. 338இல் ஆன்டியம் ஊரைப் பிடித்து, அதன் கப்பல் மூக்குகளைக் கொண்டுவந்து மேடையில் பதித்தார்கள். 311இல் கடற்படைக்கென்று ரெண்டு அதிகாரிகளை நியமித்தார்கள். ஆக, 'கடலே தெரியாத விவசாயி' என்பது இந்தப் பக்கமும் ஓட்டை.

மூன்று, அப்போ ரோமானியர் ஒண்ணுமே செய்யலையா? செஞ்சாங்க. நான் கிரேக்கர் சங்கத் தலைவர் கிடையாது. எதிரிக் கப்பலில் ஆணியடித்த மாதிரி மாட்டிக்கொள்ளும் 'காக்கை' என்கிற தொங்கு பாலத்தை வைத்துக் கடல் சண்டையைத் தரைச் சண்டையாக மாற்றினார்கள். 260இல் மைலே போரில் டுயிலியஸ் ஜெயித்தது அப்படித்தான். (அந்த யோசனையைச் சொன்னது யார் என்று பாலிபியஸ் பெயர் எழுதவில்லை. யாரோ சொன்னார்களாம்.) 700 கப்பல் போன பிறகும் கஜானா காலியான நிலையில், பணக்காரர்கள் சொந்தப் பணம் போட்டு 200 கப்பல் கட்டி, 241இல் ஈகேட்ஸ் தீவுகள் பக்கம் போரை முடித்தார்கள். அந்த இடத்தில் 2000களிலிருந்து கடலடியில் கிடைத்துக்கொண்டிருக்கும் வெண்கல முட்டுமூக்குகள் பலவற்றில், தரம் பார்த்து ஏற்றுக்கொண்ட ரோமானிய அதிகாரிகளின் பெயர் லத்தீனில் பொறித்திருக்கிறது. அதுதான் ரோமாபுரி. கணக்கு, ஒழுங்கு, பிடிவாதம், பணம், ஆள் திரட்டும் சக்தி. கிரேக்க ஊர்கள் எதனிடமும் இந்த அளவுக்கு அது இல்லை. மறுக்க முடியாது.

ஆனால் திரட்டியவன் பெயர் மட்டும் கல்வெட்டில். திரட்டப்பட்டவன் திறமை கணக்கிலேயே இல்லை. என் சண்டை அங்கேதான்.

ஏன்னா, இப்படி மறப்பதற்கு ஒரு விலை உண்டு. ரோமாபுரி அதைக் கொடுத்தது.

கிழக்கே போகலாம். கி.மு. 190, மயோனெசஸ் போர். அந்தியோக்கஸின் 89 கப்பலுக்கு எதிராக 80 கப்பல். அதில் 58 ரோமானியருடையது, 22 ரோட்ஸ் தீவுக்காரர்களுடையது. ரோட்ஸ் மாலுமிகளின் வேகமும், கப்பல் முனையில் நெருப்புச் சட்டி தொங்கவிடும் அவர்கள் தந்திரமும் பெரும் பங்கு வகித்தன. எதிர்ப்பக்கத் தளபதி பாலிக்செனிடாஸும் ரோட்ஸிலிருந்து துரத்தப்பட்டவர்தான்! அதற்குக் கொஞ்சம் முன்னால் சைடு என்ற இடத்தில், சாட்சாத் ஹானிபாலையே கடலில் தோற்கடித்தது ரோட்ஸ் கடற்படை.

இதற்கு ரோமாபுரி செய்த கைம்மாறு? அடுத்த போரில் ரோட்ஸ் போதிய விசுவாசம் காட்டவில்லை என்று கோபம். 167 - 166 வாக்கில் டெலோஸ் தீவைச் சுங்கமில்லாத் துறைமுகம் ஆக்கினார்கள். ரோட்ஸின் துறைமுக வருமானம் 10 லட்சம் டிராக்மாவிலிருந்து ஒன்றரை லட்சத்துக்குச் சரிந்தது. அந்தக் காசில்தான் ரோட்ஸ் கடற்படை வைத்துக் கடற்கொள்ளையரை அடக்கிக்கொண்டிருந்தது. காவல்காரன் வயிற்றில் அடித்தாயிற்று. ரோமாபுரியும் தன் கப்பல்களைக் கரையில் மக்க விட்டது.

அப்புறம்? சிலிசியக் கொள்ளையர்கள் கடலையே எடுத்துக்கொண்டார்கள். டெலோஸ் சந்தை ஒரே நாளில் பத்தாயிரம் அடிமைகளை வாங்கி விற்கக்கூடியது என்று ஸ்ட்ராபோ எழுதுகிறார். பிடித்து வந்து விற்றவர்களில் கொள்ளையர்களும் உண்டு. கி.மு. 75 வாக்கில் இளைஞர் ஜூலியஸ் சீசரையே கடத்திப் பணம் பறித்தார்கள். 67இல் தானியக் கப்பல் வராமல் ரோமாபுரி வயிறு காயத் தொடங்கிய பிறகுதான் பாம்பேயிடம் வரம்பில்லாத அதிகாரத்தைக் கொடுத்தார்கள். அவர் மூன்று மாதத்தில் முடித்தார், வாஸ்தவம். ஆனால் தனி மனிதனுக்கு அப்படி அதிகாரம் கொடுத்துப் பழகிய குடியரசு அதற்கப்புறம் ரொம்ப நாள் தாங்கவில்லை. திறமையை வாடகைக்கு எடுத்து, வேலை முடிந்ததும் வாடகைக்காரனை நசுக்கினால் வட்டியோடு திரும்பி வரும்.

பேரரசு காலத்துக்கு வந்தாலும் கதை மாறவில்லை. மிசெனத்திலும் ரவென்னாவிலும் நிரந்தரக் கடற்படை வைத்த பிறகு, கப்பல் தலைவனுக்குப் பதவிப் பெயர் 'டிரையரார்க்', அணித் தலைவனுக்கு 'நவார்க்'. ரெண்டும் கிரேக்கம். காலாட்படையில் எல்லாம் லத்தீன், கடற்படையில் மட்டும் கிரேக்கம்! அகஸ்டஸ் ஆகப்போகிற ஆக்டேவியனுக்குக் கடல் போரில் உதவிய ரோசஸ் ஊர் செலூக்கஸ் என்கிற கிரேக்கத் தளபதிக்குக் குடியுரிமையும் வரிவிலக்கும் கொடுத்த ஆணை, கல்வெட்டாகக் கிடைத்திருக்கிறது.

கி.பி. 2ஆம் நூற்றாண்டு பாப்பிரஸ் கடிதம் ஒன்று உண்டு. எகிப்திலிருந்து மிசெனம் கடற்படைக்குச் சேர்ந்த அப்பியோன் என்கிற பையன் தன் அப்பாவுக்கு எழுதியது. கடலில் ஆபத்து வந்தது, சாமி காப்பாத்துச்சு, வழிச்செலவுக்கு மூணு பொற்காசு கொடுத்தாங்க, என் பேரு இனிமே அன்டோனியஸ் மாக்சிமஸ் என்று எழுதுகிறான். கடிதம் இருப்பது கிரேக்கத்தில். ரோமானியக் கடற்படை என்று நாம் சொல்லும்போது கண்ணுக்கு முன்னால் வர வேண்டியது இந்த அப்பியோன்தான். பட்டியலில் லத்தீன் பெயர், வீட்டுக்குக் கிரேக்கக் கடிதம்.

நமக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்னு கேட்பவர்களுக்கு ஒண்ணு. முசிறிக்கு வந்தவை 'ரோமானியக் கப்பல்கள்' என்று நாமும் எழுதுகிறோம். முசிறி வணிகம் பற்றி வியன்னாவில் இருக்கும் கடன் ஒப்பந்தப் பாப்பிரஸ் கிரேக்கத்தில் எழுதப்பட்டது, அதில் வரும் கப்பலின் பெயர் ஹெர்மாபொல்லோன். பெரிப்ளூஸ் கையேடும் கிரேக்கம். ஆனா நம்ம சங்கப் புலவர்கள் ஏமாறவில்லை. வந்தவர்களை அவர்கள் 'யவனர்' என்றார்கள். அயோனியர் என்ற கிரேக்கப் பெயரின் வழியாக வந்த சொல். அரசன் யார் என்று பார்க்காமல் கப்பலில் வந்தவன் யார் என்று பார்த்துப் பெயர் வைத்திருக்கிறார்கள். நாமும் அப்படிப் பார்த்தால் போதும்.

பி.கு: 'மனசு வெச்சா முடியும்' என்று சொல்லிக்கொடுக்க வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. சொல்லும்போது, பக்கத்திலேயே நின்ற தச்சனையும் மீகாமனையும் சேர்த்துச் சொல்லுங்க. கத்துக்கொடுத்தவன் பெயரை அழிச்சிட்டுச் சொல்ற பாடம், கேட்கிறவனை மீகாமன் பேச்சைக் கேட்காத தளபதியாகத்தான் ஆக்கும். காமரினா புயலுக்கு தன்னம்பிக்கை பற்றி எதுவும் தெரியாது.

மாற்றுக் கருத்து உள்ளவங்க வாங்க, பின்னூட்டத்துல பேசுவோம். பாலிபியஸைப் படிச்சிட்டு வந்தா இன்னும் சந்தோஷம் :-)